லொக்கை உடைக்க முன்னம் யார் பிடித்திருக்கிறார் என்று பாருங்கள்

கறண்ட் போய்ப் பத்து நிமிடத்தில் திரும்பிவிட்டது. சுவிற்ச்சில் பச்சை விளக்கு மின்னுகிறது, இரண்டு ஹோஸ்ற்றும் (வீஎம் என்ற மெய்நிகர் கணினிகளை ஓட்டும் சேவர்கள்) எழும்பிவிட்டன, அவற்றின் ஸ்ரோறேஜான நாஸ் பெட்டியும் ஓடுகிறது. கணக்கு மென்பொருள் இருக்கும் வீஎம் மட்டும் எழும்ப மறுக்கிறது. டிஸ்க்கையோ அது தங்கியிருக்கும் ஸ்னப்ஷொட் (ஒரு நேரத்து நிலையைப் பாதுகாக்கும்) டிஸ்க்குகளில் ஒன்றையோ திறக்க முடியவில்லை, ஃபைலை லொக் செய்ய முடியவில்லை என்று விஎம்வெயார் திரையில் வருகிறது. யாழ்ப்பாணத்தில் இரண்டு மூன்று ஹோஸ்ற்றுகளையும் ஒரே ஒரு பகிர்வு ஸ்ரோறேஜையும் வைத்து வேலை செய்யும் இடங்களில் இந்தப் பிழை இரண்டு நேரங்களில்தான் பெரும்பாலும் தலை காட்டும்: மின்வெட்டுக்குப் பிறகு, அல்லது இரவுப் பக்கப் ஓடி முடிந்த விடியற்காலையில்.

அந்தப் பதற்றத்தில் பலர் செய்வது மூன்று காரியம். லொக் என்று பெயர் தெரியும் ஃபைல்களை அழிப்பார்கள். எல்லா ஹோஸ்ற்றையும் ஒன்றாக ரீபூட் செய்வார்கள். அல்லது டிஸ்க் ஃபைலைக் கொப்பி எடுத்துப் புதிய வீஎம் ஒன்றில் பூட்டுவார்கள். மூன்றும் சில நாட்களில் பலிக்கும். பலிக்காத நாளில் ஒரே டிஸ்க்கில் இரண்டு பேர் எழுதி, கோப்பு முறைமையே சிதைந்துபோகும். அதைத் தடுக்கத்தான் லொக் இருக்கிறது.

எங்கள் தோட்டக்காணிகளில் பங்குக் கிணறு தெரியாதவர் குறைவு. ஒரு கிணறு, நாலைந்து பங்காளர், ஆளுக்கொரு முறை. ஒருவரின் முறையில் மற்றவர் மெசின் பூட்டமாட்டார். விஎம்வெயாரின் விஎம்எஃப்எஸ் கோப்பு முறைமையும் அப்படித்தான். எல்லா ஹோஸ்ற்றுக்கும் ஒரே லன் (ஸ்ரோறேஜ் கொடுக்கும் டிஸ்க் பகுதி, வலையமைப்பு அல்ல) தெரியும். ஆனால் ஒவ்வொரு ஃபைலின் தலைப்பிலும் அதை இப்போது யார் பிடித்திருக்கிறார் என்று எழுதப்பட்டிருக்கும். அதோடு ஒவ்வொரு ஹோஸ்ற்றும் டேற்றாஸ்ரோரின் (வீஎம் ஃபைல்கள் கிடக்கும் சேமிப்பிடத்தின்) ஒரு மூலையில் தன் இதயத்துடிப்பை ஏறக்குறைய 3 செக்கனுக்கு ஒரு தடவை பதிந்துகொண்டே இருக்கும். மெசின் சத்தம் கேட்கும் வரைக்கும் அவர் இறைக்கிறார் என்று அர்த்தம். சத்தம் நின்று 16 செக்கனளவு போனால், அடுத்த ஹோஸ்ற் எட்டிப் பார்த்து, ஆள் இல்லை என்று உறுதி செய்து, பாதியில் நின்ற பதிவுகளைச் சரிசெய்து, லொக்கைத் தானே எடுத்துக்கொள்ளும்.

முக்கியமான விஷயம் இதற்குள்தான் இருக்கிறது. செத்துப்போன ஹோஸ்ற்றின் லொக் விஎம்எஃப்எஸ்ஸில் நிலைக்காது. ஐந்து நிமிடம் கழிந்த பிறகும் அதே பிழை வருகிறதென்றால், உயிரோடு இருக்கும் யாரோ ஒருவர் அந்த ஃபைலைப் பிடித்திருக்கிறார் என்றுதான் முதலில் எடுக்கவேண்டும். ஆகவே உடைக்கும் வழியைத் தேடாமல், பிடித்திருப்பவரைத் தேடுங்கள்.

கீழே வரும் கட்டளைப் பெயர்களை ஒலிப்படி தமிழில் எழுதியிருக்கிறேன். தட்டும்போது ஆங்கிலச் சிறிய எழுத்தில், ஒரு சொல்லுக்குள் இடைவெளி இல்லாமல் தட்டுங்கள்; தனித்தனிச் சொற்களாக எழுதியிருப்பவற்றுக்கு இடையில் இடைவெளி விடுங்கள்.

முதலில் எந்த ஃபைல் என்று பிடிக்கவேண்டும். வீஎம்மின் கோப்புறையில் இருக்கும் விஎம்வெயார் பதிவேட்டின் கடைசி ஐம்பது வரியைப் பாருங்கள். திறக்க முடியாமல் போன ஃபைலின் பெயர் அங்கே இருக்கும். ஸ்னப்ஷொட் இருந்தால் சங்கிலியில் உள்ள ஒவ்வொரு டிஸ்க்கையும் தனித்தனியே சோதிக்கவேண்டும். சிறிய விபர ஃபைலைச் சோதித்துவிட்டு லொக் இல்லை என்று முடிவெடுப்பது வழமையான தவறு. பிடிபட்டிருப்பது ஃபிளாற் அல்லது டெல்ற்றா என்று முடியும் பெரிய ஃபைலாகத்தான் இருக்கும். சில வேளை டிஸ்க்கே அல்ல, ஸ்வாப் ஃபைலாகவும் இருக்கலாம்.

பதிவேட்டின் நேரத்தைப் பார்த்துக் குழம்பவேண்டாம். ஈஎஸ்எக்ஸ்ஐ (ஹோஸ்ற்றில் ஓடும் விஎம்வெயார் மென்பொருள்) பதிவேடுகள் சர்வதேச நேரத்தில் எழுதப்படும், நாங்கள் அதற்கு ஐந்தரை மணித்தியாலம் முன்னுக்கு இருக்கிறோம். பிற்பகல் 2.30க்குக் கறண்ட் போயிருந்தால் பதிவேட்டில் 09.00ஐத் தேடுங்கள். யூஎஸ்பி குச்சியிலோ எஸ்டி அட்டையிலோ இருந்து எழும்பும் ஹோஸ்ற்றுகளில் பதிவேடு நினைவகத்தில் மட்டும் கிடக்கக்கூடும். ரீபூட் செய்தால் ஆதாரம் முழுவதும் அழிந்துவிடும். ரீபூட்டுக்கு முன் விஎம்-சப்போர்ட் கட்டளையால் ஒரு கட்டு எடுத்து வைப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

அடுத்தது விஎம்கேஎஃப்எஸ்டூல்ஸ். அதற்குப் பின் ஓர் இடைக்கோடும் பெரிய டி எழுத்தும், பிறகு ஃபைலின் முழுப் பாதை. வரும் விடையில் இரண்டு இடங்கள் போதும். ஒன்று மோட் என்ற எண். 0 என்றால் லொக் இல்லை. 1 என்றால் ஒருவர் மட்டும் எழுதும் தனி லொக். ஓடும் வீஎம்மின் டிஸ்க்கில் இதுதான் இருக்கும். 2 என்றால் வாசிப்புக்கு மட்டும். ஸ்னப்ஷொட் உள்ள வீஎம் ஓடும்போது அடி டிஸ்க்கில் இதைக் காண்பீர்கள். 3 என்றால் பலர் சேர்ந்து எழுதும் லொக். கிளஸ்ரர் டிஸ்க்குகளில் வரும். மற்றது ஓனர் என்ற இடத்தில் இடைக்கோடுகளால் பிரிந்த நீண்ட எண். அதன் கடைசி 12 இலக்கங்கள் ஒரு ஹோஸ்ற்றின் மக் முகவரி. உதாரணமாக 001517203694 என்று முடிந்தால் 00:15:17:20:36:94 என்ற வலையமைப்பு அட்டை உள்ள ஹோஸ்ற்றைத் தேடுங்கள். பெரும்பாலும் நிர்வாக வலையமைப்பின் அட்டை. மோட் 2 ஆனால் ஓனர் இடத்தில் எல்லாம் சுழியமாக இருக்கும். பயப்படவேண்டாம், வாசிப்பவர்களின் பெயர் அதற்குக் கீழே தனி வரிகளாக வரும்.

ஈஎஸ்எக்ஸ்ஐ 6 அல்லது அதற்குப் பிந்தியது என்றால் விஎம்எஃப்எஸ்ஃபைல்லொக்இன்ஃபோ என்றொரு கட்டளை இருக்கிறது. இடைக்கோடு பி போட்டுப் பாதையைக் கொடுத்தால் மக் முகவரியை நேரே சொல்லும். இருந்தாலும் பழைய வழி தெரிந்திருப்பது நல்லது. வீசென்ரர் (எல்லா ஹோஸ்ற்றையும் ஒரே இடத்தில் நிர்வகிக்கும் மென்பொருள்) இருக்கும் வீஎம்மே லொக் பட்டுக் கிடக்கும் நாளில் கையில் இருப்பது எஸ்எஸ்எச் (தூரத்தில் இருந்து கட்டளை தட்டும் வழி) மட்டும்தான்.

சொந்தக்கார ஹோஸ்ற் தெரிந்துவிட்டால் அதற்குள் போய், ஈஎஸ்எக்ஸ்சிஎல்ஐ கட்டளையில் விஎம் புரொசஸ் லிஸ்ற் என்று கேளுங்கள். அந்த வீஎம் பட்டியலில் இருந்தால் அது ஓடிக்கொண்டிருக்கிறது. வீசென்ரர் திரையில் சாம்பல் நிறமாகத் தெரிந்தாலும், அனாதை என்று எழுதியிருந்தாலும், உண்மையில் உள்ளே ஆட்கள் வேலை செய்துகொண்டிருக்கலாம். அதன் ஐபிக்குப் பிங் செய்து பாருங்கள். விடை வந்தால் எதையும் கொல்லாமல், அந்த ஹோஸ்ற்றிலேயே வீஎம்மைத் திரும்பப் பதிவு செய்தால் போதும்.

பட்டியலில் இல்லை, ஆனால் லொக் இருக்கிறது என்றால் எல்எஸ்ஓஎஃப் கட்டளையில் வீஎம்மின் பெயரைத் தேடுங்கள். ஹோஸ்ற்டி என்ற நிர்வாகச் சேவை ஃபைலைப் பிடித்துக்கொண்டு நிற்பது உண்டு. ஹோஸ்ற்டியையும் வீசென்ரரோடு பேசும் விபிஎக்ஸ்ஏ சேவையையும் மறுபடி தொடக்கினால் விட்டுவிடும். ஓடும் வீஎம்கள் நிற்காது. ஆனால் எல்லாச் சேவைகளையும் ஒரேயடியாக மறுதொடக்கும் கட்டளையைத் தொடவேண்டாம், குறிப்பாக எல்ஏசிபி (பல வலையமைப்பு இணைப்புகளை ஒன்றாகக் கட்டும் முறை) போட்டிருக்கும் இடத்தில். வலையமைப்பு அறுந்து, ஒரு பிரச்சினை மூன்றாகும்.

வீஎம் பட்டியலில் நிற்கிறது, பிங்குக்கும் கொன்சோலுக்கும் பதில் இல்லை, உறைந்துபோய்விட்டது என்று உறுதியானால் மட்டும் புரொசஸ் கில். அதில் சொஃப்ற், ஹார்ட், ஃபோர்ஸ் என்று மூன்று படி உண்டு. அந்த வரிசையிலேயே போங்கள், ஒவ்வொன்றுக்கும் இடையில் ஒரு நிமிடமாவது விடுங்கள். மூன்றுக்கும் மசியாவிட்டால் மற்ற வீஎம்களை வேறு ஹோஸ்ற்றுக்கு நகர்த்திவிட்டு அந்த ஒரு ஹோஸ்ற்றை மட்டும் ரீபூட் செய்யலாம். எல்லாவற்றையும் ரீபூட் செய்யத் தேவை வராது.

பக்கப்புக்குப் பிறகு வரும் லொக்கின் கதை வேறு. பக்கப் மென்பொருள் ஹொட்-அட் முறையில் வேலை செய்தால், பக்கப் எடுக்கப்படும் வீஎம்மின் டிஸ்க்கைத் தன் புரொக்சி வீஎம்மில் தற்காலிகமாகப் பூட்டி வாசிக்கும். இடையில் வேலை அறுந்தால் கழற்ற மறந்துவிடும். மூல வீஎம்மில் கொன்சொலிடேஷன் (ஸ்னப்ஷொட்டுகளை அடி டிஸ்க்கோடு சேர்ப்பது) தேவை என்ற எச்சரிக்கை வரும். செய்யப்போனால் லொக் என்று திரும்பும். புரொக்சி வீஎம்மின் செற்றிங்ஸைத் திறந்து, அதற்குச் சொந்தமில்லாத டிஸ்க் ஏதாவது பூட்டியிருக்கிறதா என்று ஒவ்வொன்றாகப் பாதையைப் பாருங்கள். இருந்தால் கழற்றுங்கள். கழற்றும்போது ‘டிஸ்க்கில் இருந்தும் ஃபைலை அழி’ என்ற பெட்டியில் சரி போடவே கூடாது. அதைவிட முக்கியம்: புரொக்சி பழுதாகிவிட்டது, அழித்துப் புதிதாகக் கட்டுவோம் என்று நினைப்பவர்கள், பிறத்தியாரின் டிஸ்க் அதில் பூட்டியிருக்கும் நிலையில் அந்த வீஎம்மை அழித்தால், கணக்கு வீஎம்மின் டிஸ்க்கும் சேர்ந்து போய்விடும். கழற்றி முடிந்ததும் கொன்சொலிடேஷன் ஓடவிடுங்கள். டேற்றாஸ்ரோரில் இடம் இருக்கிறதா என்று முன்னமே பார்த்துக்கொள்ளுங்கள்.

என்எஃப்எஸ் (வலையமைப்பு வழியே ஃபைல்களைப் பகிரும் முறை) டேற்றாஸ்ரோரில் கிணறே வேறு. என்எஃப்எஸ் 3இல் ஈஎஸ்எக்ஸ்ஐ தானே புள்ளியில் தொடங்கும் எல்சிகே என்ற மறைந்த ஃபைல்களை உருவாக்கி லொக் போடும். மறைந்தவற்றையும் காட்டும்படி பட்டியலிட்டால் தெரியும். அந்த ஃபைலை ஹெக்ஸ்டம்ப் கட்டளையால் பார்த்தால் சொந்தக்கார ஹோஸ்ற்றின் பெயரே உள்ளே எழுதியிருக்கும். காலாவதிக் கணக்கு இது: 10 செக்கனுக்கு ஒரு முறை புதுப்பித்தல், 3 தவறுகள் வரை பொறுத்தல், மேலே 5 செக்கன், ஆக 35 செக்கன். அதற்குள் புதுப்பிக்காத லொக்கை மற்ற ஹோஸ்ற் எடுத்துக்கொள்ளலாம். இந்த ஃபைலைக் கையால் அழிக்கலாமா? எந்த ஹோஸ்ற்றிலும் அந்த வீஎம் ஓடவில்லை என்று ஒவ்வொரு ஹோஸ்ற்றாக உள்ளே போய்ப் பார்த்த பிறகு, அப்போதும் ஃபைல் மாறாமல் கிடந்தால், அழிக்கலாம். வீசென்ரர் திரையைப் பார்த்து மட்டும் அந்த முடிவை எடுக்காதீர்கள்.

என்எஃப்எஸ் 4.1 இந்த ஃபைல்களைப் பயன்படுத்தாது, லொக்கை ஸ்ரோறேஜ் சேவரே வைத்துக்கொள்ளும். அதனால் ஒரே பகிர்வை ஒரு ஹோஸ்ற்றில் 3 ஆகவும் இன்னொன்றில் 4.1 ஆகவும் மவுண்ட் செய்தால் ஒருவர் போட்ட லொக் மற்றவருக்குத் தெரியாது. பிழைச்செய்தி எதுவும் வராது, டிஸ்க் மட்டும் சிதையும். புதிய ஹோஸ்ற் ஒன்றைச் சேர்க்கும்போது இதைத்தான் முதலில் சரிபார்க்கவேண்டும்.

ஐஸ்கசி (லன்னை வலையமைப்பு வழியே கொடுக்கும் முறை) பக்கம் திரும்பினால், முன்னர் ஒரு ஹோஸ்ற் விஎம்எஃப்எஸ் விபரங்களில் சின்ன மாற்றம் செய்வதற்கே லன் முழுவதையும் ஒதுக்கிப் பிடிக்கும். முறைக் கொப்பியில் ஒரு வரி எழுதுவதற்காகக் கிணற்றையே மூடி வைப்பது போன்றது. மற்ற ஹோஸ்ற் எழுதப்போனால் 0x18 என்ற நிலைக்குறியீடு பதிவேட்டில் விழும். ஒதுக்கீட்டு மோதல் என்று அதற்குப் பொருள். இப்போதைய ஸ்ரோறேஜ்களில் ஏரிஎஸ் என்ற முறை உண்டு. நான் கடைசியாகப் பார்த்தபோது இந்த இடத்தில் இருந்தது மாறாமல் இருந்தால் மட்டும் என் பெயரை எழுது என்று ஹோஸ்ற் கேட்கும்; ஸ்ரோறேஜ் ஒரே அடியில் ஒப்பிட்டு எழுதும். மற்றவர் வேலை தடைப்படாது. உங்கள் டேற்றாஸ்ரோர் எந்த முறையில் இருக்கிறது என்பதை ஈஎஸ்எக்ஸ்சிஎல்ஐ ஸ்ரோறேஜ் விஎம்எஃப்எஸ் லொக்மோட் லிஸ்ற் என்று கேட்டால் சொல்லும். புதிதாக உருவாக்கிய விஎம்எஃப்எஸ் 5இல், ஸ்ரோறேஜ் தாங்கினால், ஏரிஎஸ் மட்டும் இருக்கும். விஎம்எஃப்எஸ் 3இலிருந்து மேம்படுத்தியதில் இரண்டும் கலந்திருக்கும்.

ஏரிஎஸ்ஸிலும் ஒரு சிக்கல் உண்டு. ஈஎஸ்எக்ஸ்ஐ 5.5 அப்டேற் 2இல் இருந்து இதயத்துடிப்பும் ஏரிஎஸ் மூலமே எழுதப்படுகிறது. நெருக்கடியில் இருக்கும் ஸ்ரோறேஜ் எழுதிமுடித்துவிட்டுப் பதிலைத் தாமதமாக அனுப்பினால், ஹோஸ்ற் காத்திருந்து களைத்து மறுபடி கேட்கும். அப்போது தான் எழுதிய புதிய மதிப்பையே கண்டு, வேறு யாரோ எழுதிவிட்டார் என்று எண்ணும். பதிவேட்டில் ஏரிஎஸ் மிஸ்கொம்பெயார் என்று வரும், டேற்றாஸ்ரோர் போய்வந்து ஆடும். விஎம்எஃப்எஸ் 5இல் இதயத்துடிப்புக்கு மட்டும் ஏரிஎஸ்ஸை நிறுத்த ஒரு செற்றிங் இருக்கிறது. உங்கள் ஸ்ரோறேஜ் தயாரிப்பாளர் சொன்னால் மட்டும் அதைத் தொடுங்கள். பெரும்பாலும் உண்மையான காரணம் ஸ்ரோறேஜின் தாமதம். பக்கப்பையும் வைரஸ் ஸ்கானையும் ஒரே நேரத்தில் ஓடவிட்டிருக்கிறீர்களா என்று முதலில் பாருங்கள்.

ஒரு ஹோஸ்ற்றை நிறுவி அதன் குச்சியைக் குளோன் செய்து இரண்டாவதை எழுப்புவது நேரத்தை மிச்சம் பிடிக்கும் வழி போலத் தெரியும். அப்படிச் செய்தால் இரண்டுக்கும் ஒரே யூயூஐடி (ஹோஸ்ற்றின் தனி அடையாள எண்), நிர்வாக இடைமுகத்துக்கு ஒரே மக் முகவரி, சில வேளை ஒரே ஐஸ்கசி பெயர். கிணற்றுக் கொப்பியில் இரண்டு பங்காளருக்கும் ஒரே கையெழுத்து இருந்தால் முறை எப்படித் தெரியும்? ஈஎஸ்எக்ஸ்சிஎல்ஐ சிஸ்ரம் யூயூஐடி கெற் என்று இரண்டிலும் கேட்டு ஒப்பிடுங்கள். ஒன்றாக இருந்தால் இரண்டாவது ஹோஸ்ற்றைப் புதிதாக நிறுவுவதே பாதுகாப்பு.

2023 நவம்பரில் விஎம்வெயாரை புரோட்கொம் வாங்கி, உரிம முறை மாறிய பிறகு புரொக்ஸ்மொக்ஸ் என்ற மாற்று மென்பொருளுக்கு மாறுபவர்கள் கூடியிருக்கிறார்கள். அங்கே லொக் என்ற ஒரே சொல்லுக்கு இரண்டு பொருள். ஒன்று வீஎம்மின் செற்றிங் ஃபைலில் எழுதப்படும் ‘பக்கப் நடக்கிறது’ என்ற வெறும் குறிப்பு. கியூஎம் அன்லொக் என்று வீஎம் எண்ணைக் கொடுத்தால் அழியும். பக்கப் வேலை உண்மையில் முடிந்துவிட்டதா என்று பணிப் பட்டியலில் பார்த்த பிறகே அதைச் செய்யவேண்டும். மற்றது கியூஎமு (அங்கே வீஎம்களை ஓட்டும் மென்பொருள்) 2.10இல் இருந்து டிஸ்க் ஃபைலின் மேல் போடப்படும் உண்மையான லொக். ‘எழுதும் லொக்கைப் பெற முடியவில்லை, வேறு புரொசஸ் இந்த ஃபைலைப் பயன்படுத்துகிறதா’ என்று கேட்கும். இதற்கு அன்லொக் கட்டளை உதவாது. எந்த நோடில் (அங்கே ஹோஸ்ற்றுக்கு அதுதான் பெயர்) அந்த வீஎம்மின் புரொசஸ் மிச்சமிருக்கிறது என்று ஃபியூசர் கட்டளையால் ஒவ்வொரு நோடாகத் தேடவேண்டும்.

ஐஸ்கசி லன் ஒன்றை எடுத்து, ஈஎக்ஸ்ரி4 என்ற லினக்ஸ் கோப்பு முறைமையைப் போட்டு, இரண்டு நோடிலும் மவுண்ட் செய்வது இந்த மாற்றத்தில் நடக்கும் மிக மோசமான பிழை. ஈஎக்ஸ்ரி4க்குப் பங்காளர் என்ற எண்ணமே கிடையாது. லொக் பிழை எதுவும் வராமலே சில மணித்தியாலத்தில் தரவு கெடும். லன்னைப் பகிரவேண்டுமென்றால் சாதாரண எல்விஎம் (டிஸ்க்கைப் பகுதிகளாகப் பிரிக்கும் லினக்ஸ் முறை) போட்டு, பகிர்வு என்று குறியிடுங்கள். எல்விஎம்-தின் பகிர்வுக்கு உதவாது.

மின்சாரம் எங்கள் ஊரில் இந்தப் பிழையின் பாதிக் கதை. 2022 மார்ச் கடைசியில் நாளுக்கு 13 மணித்தியாலம் வெட்டிய நாட்கள் போய்விட்டாலும், மழைக்காலத்தில் விட்டு விட்டு வரும் கறண்ட் போகவில்லை. சேவரையும் ஸ்ரோறேஜையும் யூபிஎஸ்ஸில் பூட்டிவிட்டு, நிர்வாக வலையமைப்பின் சிறிய சுவிற்ச்சையும் ரவுட்டரையும் சாதாரண பிளக்கில் விட்டிருக்கும் றாக்குகள் நிறைய. கறண்ட் போனதும் ஹோஸ்ற்றுகள் ஒன்றையொன்று காணாமல், நுழைவாயிலையும் காணாமல் நிற்கும். எச்ஏ (ஒரு ஹோஸ்ற் செத்தால் அதன் வீஎம்களை மற்றதில் எழுப்பும் வசதி) இயங்கினால், மற்றது செத்துவிட்டது என்று எண்ணி ஒரு ஹோஸ்ற் மற்றதின் வீஎம்களை எழுப்ப முயலக்கூடும். அவை உயிரோடு ஓடிக்கொண்டிருப்பதால் லொக் தடுக்கும். அப்போது வரும் லொக் பிழை உங்கள் தரவைக் காப்பாற்றிய பிழை. அதை உடைக்கவேண்டாம், சுவிற்ச்சை யூபிஎஸ்ஸுக்கு மாற்றுங்கள்.

ஸ்ரோறேஜ் போய் ஹோஸ்ற் நின்றால் வேறு மாதிரி. எல்லாப் பாதையும் அறுந்த நிலையில் ஹோஸ்ற் 140 செக்கன் காத்திருந்து பிறகு கைவிடும். வீஎம் புரொசஸ்கள் உறைந்தபடி நினைவகத்தில் கிடக்கும். ஸ்ரோறேஜ் திரும்பியதும் இவை மறுபடி லொக்கைப் பிடித்துக்கொள்வதுண்டு. மேலே சொன்ன புரொசஸ் பட்டியல் சோதனை இங்கேதான் அதிகம் கைகொடுக்கும்.

எழுப்பும் வரிசை இது. முதலில் சுவிற்ச். பிறகு ஸ்ரோறேஜ், அது முழுதாக எழும்பி லன்களையும் பகிர்வுகளையும் கொடுக்கத் தொடங்கும் வரை காத்திருங்கள், சிறிய நாஸ் பெட்டிக்குப் பத்து நிமிடம் விட்டாலும் தவறில்லை. பிறகு ஒரு ஹோஸ்ற். அதில் எல்லா டேற்றாஸ்ரோரும் தெரிகிறதென்று பார்த்த பின் அடுத்த ஹோஸ்ற். வீஎம்களில் டொமைன் கொன்ட்ரோலரும் டிஎன்எஸ்ஸும் முதலில். அணைக்கும்போது இதே வரிசை தலைகீழாக, ஹோஸ்ற்றுகள் எல்லாம் அணைந்த பிறகுதான் ஸ்ரோறேஜ், கடைசியில் சுவிற்ச். பயோஸில் ‘கறண்ட் வந்ததும் தானாக எழும்பு’ என்ற செற்றிங்கை ஸ்ரோறேஜில் மட்டும் போட்டு, ஹோஸ்ற்றுகளில் அணைத்து வையுங்கள். ஆள் இல்லாத இடமென்றால் ஹோஸ்ற்றுகளுக்குத் தாமதம் கொடுங்கள்.

இதெல்லாம் செய்தும், எந்த ஹோஸ்ற்றும் பிடிக்காத ஒரு லொக் விஎம்எஃப்எஸ்ஸில் நிற்கிறதென்றால், அல்லது ஓனர் இடத்தில் உங்களிடம் இல்லாத மக் முகவரி ஒன்று வந்தால், முதலில் பழைய ஹோஸ்ற் ஏதாவது இன்னும் அந்த லன்னைப் பார்க்கிறதா என்று ஸ்ரோறேஜ் பக்கத்து இணைப்புப் பட்டியலில் பாருங்கள். கழித்துவிட்டதாக நினைத்த சேவர் ஒன்று மூலையில் ஓடிக்கொண்டிருக்கலாம். வலையமைப்பு அட்டையை மாற்றிய ஹோஸ்ற்றும் பழைய முகவரியைக் காட்டலாம். இரண்டும் இல்லையென்றால் இதயத்துடிப்புப் பகுதியே பழுதாகியிருக்கலாம். ஈஎஸ்எக்ஸ்ஐ 5.1இல் இருந்து வரும் வோமா என்ற சோதனைக் கருவியை, சோதிக்க மட்டும் என்ற நிலையில் ஓடவிடுங்கள். அதற்கு அந்த டேற்றாஸ்ரோரில் எந்த வீஎம்மும் ஓடக்கூடாது, மற்ற ஹோஸ்ற்றுகளில் அது அன்மவுண்ட் ஆகியிருக்கவேண்டும். லன் ரீசெற் என்ற கட்டளையை அதற்கு முன் யாராவது பரிந்துரைத்தால் ஏற்காதீர்கள். அது ஒதுக்கீட்டு மோதலுக்கு உரியது, ஃபைல் லொக்குக்கு அல்ல. அந்த லன்னில் ஓடும் மற்ற வீஎம்களின் எழுத்தையும் இடையில் அறுக்கும்.

ஒரு ஏ4 தாளில் ஒவ்வொரு ஹோஸ்ற்றின் பெயர், நிர்வாக ஐபி, மக் முகவரி, யூயூஐடி, ஐஸ்கசி பெயர் ஆகியவற்றையும் எழுப்பும் வரிசையையும் அச்சடித்து றாக் கதவின் உட்பக்கம் ஒட்டி வையுங்கள். வீசென்ரரும் இன்ரநெற்றும் இல்லாத இரவில் 12 இலக்கத்தை வைத்து ஹோஸ்ற்றைப் பிடிக்க அந்தத் தாள்தான் உதவும். வலையமைப்பு அட்டை மாற்றிய அன்றே பேனையால் பழைய எண்ணை வெட்டிப் புதியதை எழுதுங்கள். பழைய எண் வாசிக்கக்கூடியதாக இருக்கட்டும்.